நியூரம்பர்க்கில் ஒரு ஞாயிற்றுக்கிழமை

“அங்க போய் அவ என்ன சாப்பிடுறா, எப்படி இருக்கான்னு பார்த்துட்டு வா.”

2019ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் நான் ஜெர்மனிக்குப் புறப்பட்டபோது என் தாயார் வாசற்படியில் நின்று கடைசியாகச் சொன்ன வார்த்தை இது. அதில் ‘எப்படி இருக்கிறாள்’ என்பது பின்னால்தான் வந்தது. ‘என்ன சாப்பிடுகிறாள்’ என்பதே முதலில் வந்தது. அந்த வரிசைக்குக் காரணம் உண்டு.

என் தங்கை பினாங்கில் ஒரு தொழிற்சாலையில் பொறியியலாளராக இருந்தபோது, அங்கு வேலைக்கு வந்திருந்த ஜெர்மானியர் ஒருவரை விரும்பி 2010இல் மணந்துகொண்டாள். அம்மா மறுப்புச் சொல்லவில்லை. மாப்பிள்ளை வேட்டி கட்டி, கோயிலில் வைத்துத் தாலி கட்டியதில் அவருக்கு உள்ளூர மகிழ்ச்சிதான். ஆனால் 2012இல் அவர்கள் ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்த பிறகு, ஒருநாள் தங்கை தொலைபேசியில் பேச்சுவாக்கில், “ஞாயித்துக்கிழமைன்னா இங்க மாட்டிறைச்சிதான்மா” என்று சொல்லிவிட்டாள். அன்று முதல் தாய்க்கும் மகளுக்கும் இடையே பேச்சு வெயில், மழை, பேத்தியின் சளிக் காய்ச்சல் என்பதோடு நின்றுவிட்டது. தங்கை இரண்டு முறை ஊருக்கு வந்து போனாள். அம்மா அவளுக்குப் பரிமாறினார். ஆனால் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடவில்லை.

நான் பேராக் மாநிலத்தில் ஒரு தோட்டத் தமிழ்ப்பள்ளியில் ஆசிரியை. சிங்கப்பூருக்கு இரண்டு முறையும் தமிழ்நாட்டுக்கு ஒரு முறையும் போனதுதான் நான் கண்ட வெளியுலகம். ஆண்டிறுதிப் பள்ளி விடுமுறையில் வரச்சொல்லித் தங்கை பல ஆண்டுகளாக அழைத்துக்கொண்டிருந்தாள். பயணச்சீட்டுக்குப் பாதிப் பணம் அவள் அனுப்பினாள். மீதி என் சேமிப்பு. அம்மாவின் கேள்வியைக் கைப்பையில் வைத்துக்கொண்டு விமானம் ஏறினேன் என்றே சொல்ல வேண்டும்.

மிளகு மூட்டைகளின் ஊர்

கோலாலம்பூரிலிருந்து தோஹாவில் விமானம் மாறி பிராங்க்பர்ட்டில் இறங்கினேன். அங்கிருந்து விரைவு இரயிலில் இரண்டு மணி நேரத்துக்குச் சற்றுக் கூட ஆகும், நியூரம்பர்க் வருவதற்கு. ஜன்னலுக்கு வெளியே இலை உதிர்த்த மரங்கள் வரிசையாக நின்றன. ஆண்டுக்கு ஒரு முறை இலையுதிர்க்கும் நம் பால்மரக்காடுதான் நினைவுக்கு வந்தது. மாலை நான்கேகாலுக்கெல்லாம் சூரியன் மறைந்துவிட்டது. நம் ஊரில் பிள்ளைகள் பந்து விளையாடப் புறப்படும் நேரத்தில் அங்கே தெருவிளக்கு எரிகிறது.

நியூரம்பர்க் என்றதும் சரித்திரம் படித்தவர்களுக்கு இரண்டாம் உலகப் போருக்குப் பின் 1945இலும் 1946இலும் நாஜித் தலைவர்கள்மீது நடந்த விசாரணை நினைவுக்கு வரும். அதற்குச் சில மாதங்கள் முன்பு, 1945 ஜனவரி 2ஆம் நாள் இரவு விழுந்த குண்டுகளில் கோட்டைச் சுவருக்குள் இருந்த பழைய நகரம் பெரும்பாலும் இடிந்துபோயிற்று. இன்று நாம் காணும் பழைய வீடுகளில் பல, போருக்குப் பிறகு பழைய சாயலிலேயே மீண்டும் எழுப்பப்பட்டவை. குன்றின்மேல் பேரரசர்கள் தங்கிய கோட்டை. கீழே நகரை இரண்டாகப் பிரித்துக்கொண்டு ஓடும் பெக்னிட்ஸ் ஆறு. நடுவே சந்தைத் திடல்.

இந்த ஊர்க்காரர்களுக்கு ஒரு பழைய பட்டப்பெயர் உண்டு. ‘மிளகு மூட்டைகள்’ என்று மற்றவர்கள் இவர்களைக் கேலி செய்வார்களாம். கீழ்த்திசைச் சரக்குகள் வெனிஸ் துறைமுகத்தில் இறங்கி, மலை கடந்து இங்கே வந்துதான் மற்ற ஜெர்மன் ஊர்களுக்குப் பிரிந்து சென்றன. சரக்கின் தரத்தில் இவர்கள் விளையாட விடவில்லை. 15ஆம் நூற்றாண்டில் குங்குமப்பூவில் கலப்படம் செய்தவனை அந்தப் பூவோடு சேர்த்தே எரித்தார்கள் என்று படித்தபோது, நம் கடைத்தெருவின் மிளகாய்த்தூள் நினைவுக்கு வந்து சிரித்துக்கொண்டேன்.

டிசம்பர் மாதத்தில் சந்தைத் திடல் முழுவதும் கிறிஸ்துமஸ் கடைகள். பட்டை, கிராம்பு, ஏலக்காய், கொத்தமல்லி எல்லாம் கலந்த வாசம் குளிர்காற்றில் மிதந்து வந்தது. கண்ணை மூடிக்கொண்டால் தீபாவளிக்கு முந்திய நாள் நம் லயத்துச் சமையலறை. அது ‘லெப்கூகன்’ என்னும் மசாலை ரொட்டியின் மணம். சுற்றியிருந்த அரசுக் காடுகளின் தேனும், வணிகர் கொண்டுவந்த நம் பக்கத்து வாசனைச் சரக்கும் ஒன்றாகச் சேர்ந்ததால், இந்த ஊரில் பல நூற்றாண்டுகளாக இதைச் சுட்டு வருகிறார்கள்.

அந்தச் சந்தையைத் திறந்துவைப்பதற்கு, பொன்முடியும் கிரீடமும் தரித்த ‘கிறிஸ்ட்கிண்ட்’ என்ற தேவகுமாரி வேடத்திற்கு ஓர் இளம்பெண்ணை இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை தேர்ந்தெடுக்கிறார்கள். 2019இல் தேர்வானவர் இந்தியத் தந்தைக்குப் பிறந்த 17 வயதுப் பெண். அவர் நிறத்தைக் குறித்து ஓர் அரசியல் கட்சியின் உள்ளூர்க் கிளை இகழ்ச்சியாக எழுத, ஊர் மக்களும் நகராட்சியும் அந்தப் பெண்ணின் பக்கம் நின்றார்கள். இதைச் சொல்லிவிட்டுத் தங்கை, “எம் பொண்ணு அன்னைக்கு முழுக்க அந்த அக்கா படத்தையே பார்த்துக்கிட்டிருந்தாக்கா” என்றாள்.

குளிர்பெட்டியின் கீழ்த்தட்டு

நான் போய்ச் சேர்ந்தது ஒரு திங்கட்கிழமை. மறுநாள் மாலை தங்கை கடையிலிருந்து ஒரு பொட்டலத்துடன் வந்தாள். சமையலறையில் நான் இருப்பதைப் பார்த்து வாசலிலேயே தயங்கி நின்றாள்.

“அக்கா, ஞாயித்துக்கிழமை அத்தை வர்றாங்க. இத்தனை வருஷமா அவங்க சமைப்பாங்க, நாங்க போய்ச் சாப்பிடுவோம். இந்தத் தடவை நான் சமைக்கிறேன்னு சொல்லிட்டேன். ‘சவர்பிராட்டன்’ செய்யணும். இன்னைக்கு ஊறப்போட்டாத்தான் ஞாயித்துக்கிழமைக்கு ஆகும். உங்களுக்குக் கஷ்டமா இருந்தா முன்னறையில உட்காருங்க.”

நான் முன்னறைக்குப் போய்விட்டேன். உண்மையை மறைப்பானேன்? அன்று இரவு அந்தச் சமையலறையில் தேநீர் குடிக்கக்கூட எனக்கு மனம் வரவில்லை.

சவர்பிராட்டன் என்றால் ‘புளிப்பில் ஊறிய பொரியல்’ என்று பொருள் சொல்லலாம். இறைச்சியைத் துண்டு போடாமல் முழுதாகவே காடியில் பல நாள் ஊறவைத்து, பிறகு வதக்கி, மூடிய சட்டியில் மெதுவாக வேகவைப்பது. குளிர்பெட்டி இல்லாத காலத்தில் இறைச்சி கெடாமலிருக்கப் புளிப்பு உதவியது. அதோடு, உழைத்து முறுக்கேறிய சதையையும் அது பதப்படுத்தியது. ரைன் நதிப் பக்கத்தில் இதில் உலர்ந்த திராட்சை சேர்ப்பார்கள். ஒரு காலத்தில் குதிரை இறைச்சியிலும் செய்தார்கள். நியூரம்பர்க் அமைந்துள்ள பிராங்கோனியாப் பகுதியிலோ, குழம்பு கெட்டியாவதற்கு லெப்கூகன் ரொட்டியைப் பொடித்துப் போடுகிறார்கள்.

தங்கை மாமியாரின் பக்குவத்தை அப்படியே செய்யவில்லை. ஒன்றரைக் கிலோ இறைச்சிக்கு வெங்காயம் இரண்டு, காரட் இரண்டு, செலரிக் கிழங்கு ஒரு துண்டு, பிரிஞ்சி இலை, கிராம்பு, மிளகு, ஜூனிபர் என்னும் கறுப்புக் காய் ஆகியவை அவர்கள் வழக்கம். காடியோடு சிவப்புத் திராட்சை மதுவும் சேர்ப்பார்கள். தங்கை மதுவை விட்டுவிட்டு, காடியைப் பாதியாகக் குறைத்து, எலுமிச்சையளவு புளியைக் கரைத்து ஊற்றினாள். பட்டை ஒரு துண்டு, அன்னாசிப்பூ இரண்டு, காய்ந்த மிளகாய் நான்கு, ஒரு கை சோம்பு. எல்லாவற்றையும் தண்ணீரோடு கொதிக்கவைத்து, நன்றாக ஆறிய பிறகே இறைச்சியின் மேல் ஊற்றினாள். அலுமினியச் சட்டி உதவாது. புளிப்பு உலோகத்தை அரித்துவிடும். பீங்கான் பானைதான் சரி. பானையை மூடிக் குளிர்பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்தாள். மேல்தட்டில் எனக்காக அவள் அரைத்து வைத்திருந்த தோசைமாவு. நடுவே ஒரு கண்ணாடிப் பலகைதான்.

பன்னிரண்டு கைகள்

புதன்கிழமை மாலை மாப்பிள்ளை என்னை ஜெர்மானியத் தேசிய அருங்காட்சியகத்திற்கு அழைத்துச் சென்றார். “பூகோளம் சொல்லிக்கொடுக்கும் ஆசிரியை கட்டாயம் பார்க்க வேண்டிய பொருள் ஒன்று இருக்கிறது” என்றார் ஆங்கிலத்தில்.

அது ஓர் உலக உருண்டை. மார்ட்டின் பெஹைம் என்ற நியூரம்பர்க் வணிகரின் மேற்பார்வையில் 1492ஆம் ஆண்டையொட்டி உருவானது. இன்று உலகில் எஞ்சியிருக்கும் பூமி உருண்டைகளில் இதுவே மிகப் பழையது. குறுக்களவு ஏறத்தாழ அரை மீட்டர்தான். ‘பூமி ஆப்பிள்’ என்று இதற்குப் பெயர். கொலம்பஸ் திரும்பி வருவதற்கு முந்திய அறிவைக் கொண்டு செய்ததால், இதில் அமெரிக்காக் கண்டமே கிடையாது. பள்ளியில் இருபது வெள்ளிப் பிளாஸ்டிக் உருண்டையைச் சுழற்றிக் காட்டியே பழகிய நான், அதன்முன் நெடுநேரம் நின்றுவிட்டேன்.

அந்த உருண்டையின் மேல் சிறிய எழுத்தில் பல குறிப்புகள் எழுதியிருக்கிறார்கள். அவற்றில் ஒன்று வாசனைச் சரக்கைப் பற்றியது. மாப்பிள்ளை விளக்கிச் சொன்னார். கீழ்த்திசைத் தீவுகளில் விளையும் சரக்கை முதலில் ஜாவாக்காரர் வாங்குகிறார்கள். பிறகு அது இலங்கைக்குப் போகிறது. அங்கே சுங்கம் கட்டி வேறு நாட்டு வணிகர் வாங்குகிறார்கள். பிறகு ஏடன், கெய்ரோ, வெனிஸ். கடைசியில் ஜெர்மன் சில்லறைக் கடை. இப்படிப் பன்னிரண்டு கை மாறி, ஒவ்வொரு கையிலும் இலாபமும் சுங்கமும் ஏறுவதால்தான் விலை இவ்வளவு என்று அந்தக் குறிப்பு கணக்குச் சொல்கிறது.

அந்தப் பட்டியலில் ‘பொன் தீபகற்பம்’ என்று பழைய கிரேக்க நிலநூலார் அழைத்த இடத்தின் பெயரும் இருக்கிறது. அது நம் மலாயாத் தீபகற்பம்தான் என்பது அறிஞர்கள் கருத்து. பேராக்கிலிருந்து வந்த எனக்கு உடம்பு சிலிர்த்தது. ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே எங்கள் கரையைத் தொட்ட கிராம்பு இந்த ஊர்ச் சட்டியில் விழுந்திருக்கிறது. இன்று தங்கையின் பானையில் கிடக்கும் கிராம்பும் பட்டையும் புதிதாக வந்த அந்நியப் பொருள்களல்ல. புதிதாக வந்தது அவள் கரைத்த புளியும், அவளும்தான்.

செவலை

ஊறும் இறைச்சியை நாளுக்கு ஒரு முறை புரட்டிவிட வேண்டும். இல்லையேல் ஒரு பக்கம் புளிக்கும், மறுபக்கம் அப்படியே இருக்கும். வியாழக்கிழமை மாலை தங்கையிடமிருந்து தொலைபேசி. வேலையிடத்தில் ஏதோ இயந்திரக் கோளாறு. திரும்ப இரவு பத்தாகும். மாப்பிள்ளையும் வெளியூரில்.

“அக்கா, கேட்கவே சங்கடமா இருக்கு. இன்னைக்கு அதைப் புரட்டிவிடல. நான் வந்தே பார்த்துக்கிறேன், விடுங்க” என்றாள். கேட்கவும் செய்தாள், வேண்டாம் என்றும் சொன்னாள்.

வாசகர்களுக்கு எங்கள் வீட்டுச் செவலையைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் பெற்றோர் இருவரும் பால்மரம் வெட்டியவர்கள். அந்தக் காலத்தில் லயத்துக்குப் பின்னால் பலர் வீட்டில் மாட்டுக் கொட்டகை இருந்தது. 1988இல் அப்பா ஒரு கன்றை வாங்கிவந்தார். நிறத்தை வைத்துச் செவலை என்று பெயரிட்டவள் தங்கைதான். அப்போது அவளுக்கு ஐந்து வயது. விடியற்காலையில் அப்பா பாலைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு கிராணிமார் வீடுகளுக்கும் கடைத்தெருவுக்கும் ஊற்றிவிட்டு வேலைக்கு ஓடுவார். எங்கள் பள்ளிச் சீருடை, புத்தகம், அம்மாவின் தோடு எல்லாம் செவலையின் பாலில் வந்தவை. பொங்கலன்று அதற்குத்தான் முதல் உருண்டை. அந்த வீட்டில் மாட்டிறைச்சி என்ற சொல்லைக்கூட யாரும் சொன்னதில்லை.

மரக்கலப் பலகையில் கிடந்த அகப்பையை எடுத்தேன். குளிர்பெட்டியைத் திறந்து, பானையைத் தூக்கி வெளியே வைத்தேன். மூடியைத் திறந்ததும் முதலில் எழுந்தது புளியும் பட்டையும் சோம்பும் கலந்த வாசம். அம்மாவின் மீன்குழம்பு வாசம். முகத்தைச் சற்றுத் திருப்பிக்கொண்டு புரட்டிவிட்டேன். மூடிவைத்தேன். கையைக் கழுவினேன். அழுகை வரும் என்று பயந்தேன், வரவில்லை.

இரவு பத்து மணிக்குத் தங்கை வந்து பானையைப் பார்த்துவிட்டு ஒன்றும் பேசாமல் என் அருகில் உட்கார்ந்தாள். அன்றுதான் கேட்டேன்.

“நீ சாப்பிடுறியா?”

“சாப்பிடுறேன்க்கா. உங்ககிட்ட பொய் சொல்லமாட்டேன். முதல் ரெண்டு வருஷம் தொடவே இல்ல. அத்தை எனக்குன்னு தனியாச் சமைச்சு வச்சாங்க. எப்ப சாப்பிடுவேன்னு ஒரு நாளும் கேட்கல. அப்புறம் நானாத்தான் சாப்பிட ஆரம்பிச்சேன். யாரும் வற்புறுத்தல.”

“செவலை ஞாபகம் வரலையா?”

அவள் உடனே பதில் சொல்லவில்லை. பிறகு, “செவலையை யாருக்கா வாங்கினது?” என்று கேட்டாள்.

1998இல் தோட்டத்தில் பால்மரங்களை வெட்டிச் செம்பனை நட்டார்கள். இளங்கன்றுகளை மேய்ந்துவிடும் என்று மாடுகளை அப்புறப்படுத்தச் சொல்லி அறிவிப்பு வந்தது. அதே மாதத்தில் எனக்கு ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியிலிருந்து கடிதம் வந்தது. புறப்படப் பெட்டி, துணிமணி, கைச்செலவு எல்லாம் வேண்டும். ஒருநாள் நாங்கள் பள்ளியிலிருந்தும் கடையிலிருந்தும் திரும்பியபோது கொட்டகை காலியாக இருந்தது. வாங்கியவர் யார் என்று அப்பா சொல்லவில்லை. கறவை நின்றுபோன கிழட்டு மாட்டை ஒருவர் எதற்காக வாங்குவார் என்று எங்களுக்குத் தெரியாதா? நாங்களும் கேட்கவில்லை. அந்தப் பணத்தில் வாங்கிய பெட்டியைத் தூக்கிக்கொண்டுதான் நான் கல்லூரிக்குப் போனேன். சுவரில் சட்டம்போட்டு மாட்டியிருக்கும் என் சான்றிதழுக்குச் செவலை எந்த விலை கொடுத்தது என்று இருபத்தொரு ஆண்டுகளாக நான் நினைத்துப் பார்த்ததில்லை. தங்கை நினைத்திருக்கிறாள்.

“உங்களைக் குத்திக்காட்டச் சொல்லலக்கா” என்றாள். எனக்குத் தெரியும். அன்றிரவு இருவரும் வெகுநேரம் பேசாமல் உட்கார்ந்திருந்தோம்.

கொழுக்கட்டையும் குளோசும்

ஞாயிறு காலையில் நானும் சமையலறைக்குப் போனேன். தங்கை இறைச்சியை எடுத்துத் துணியால் ஈரம் போகத் துடைத்தாள். ஈரம் இருந்தால் வறுபடாது, வெந்துவிடும். கனமான சட்டியில் எண்ணெய் காயவைத்து எல்லாப் பக்கமும் கருஞ்சிவப்பாகும்வரை புரட்டினாள். ஊறவைத்த காய்களை வதக்கி, வடிகட்டிய புளிக்காடியைச் சிறிது சிறிதாக ஊற்றி மூடினாள். சிறுதீயில் மூன்று மணி நேரம். கடைசியில் இனிப்பு மேற்பூச்சு இல்லாத லெப்கூகனைப் பொடித்துப் போட்டதும் குழம்பு கறுத்துப் பளபளவென்று கெட்டியாயிற்று. புளிப்பைச் சமப்படுத்த ஒரு துண்டு பனைவெல்லம். இந்த வெல்லமும் அவர்கள் வழக்கத்தில் இல்லாததே.

கூட்டுக்குச் சிவப்புக் கோஸ். மெல்லியதாக அரிந்து ஆப்பிளும் கிராம்பும் சேர்த்து வேகவைப்பார்கள். சோற்றுக்குப் பதில் ‘குளோஸ்’ என்னும் உருளைக்கிழங்கு உருண்டை. கிழங்கில் பாதியைப் பச்சையாகத் துருவி நீர் போகப் பிழிந்து, மறுபாதியை அவித்து மசித்து, இரண்டையும் கலந்து உருட்ட வேண்டும். நெய்யில் வறுத்த ரொட்டித் துண்டுகள் இரண்டு மூன்றை நடுவில் வைத்து மூடி, உப்புநீரில் போட்டால் இருபது நிமிடத்தில் மேலே மிதந்து வரும். தண்ணீர் தளதளவென்று கொதிக்கக்கூடாது, உருண்டை கரைந்துவிடும்.

உருட்டும் வேலையை நான் ஏற்றுக்கொண்டேன். உள்ளே பூரணம் வைத்து மூடுவதை யாரும் எனக்குக் கற்றுத்தர வேண்டியதில்லை. ஆறு வயது மகள் ஒரு நாற்காலியில் ஏறி நின்று, “பெரியம்மா, இது கொழுக்கட்டைதானே?” என்றாள். தங்கை சிரித்தாள், நானும் சிரித்தேன்.

பகல் பன்னிரண்டுக்குச் சம்பந்தியம்மா வந்தார். அப்போது அவருக்கு 79 வயது. நகரின் வடக்கே காய்கறி விளையும் பகுதியைச் சேர்ந்தவர். ‘பூண்டு நாடு’ என்பது அந்தப் பகுதியின் பெயர். கையில் ஒரு தூக்குப் பாத்திரம். இலையுதிர் காலத்தில் காட்டில் பறித்து உலர்த்திவைத்த காளானில் குழம்பு வைத்துக்கொண்டு வந்திருந்தார். அது எனக்காக. நான் சாப்பிடமாட்டேன் என்று தங்கை முன்பே சொல்லியிருக்கிறாள். “உன் அக்கா வெறும் உருண்டையைத் தின்பதா?” என்று கேட்டாராம்.

எல்லாரும் ஒரே மேசையில் அமர்ந்தோம். சம்பந்தியம்மா தங்கையின் குழம்பை ஒரு கரண்டி எடுத்து வாயில் வைத்தார். தங்கை கையைப் பிசைந்துகொண்டு பார்த்தாள். இரண்டாம் கரண்டி. மூன்றாம் கரண்டி. பிறகு, “பஸ்ட் ஷோ” என்றார். ‘பரவாயில்லை’ என்பதுபோன்ற சொல் அது. தங்கையின் முகம் மலர்ந்தது. பிராங்கோனியர்கள் வாயைத் திறந்து புகழ மாட்டார்களாம். இதற்குமேல் அவர்களிடம் பாராட்டே கிடையாது என்றார் மாப்பிள்ளை.

உணவு பாதியில் சம்பந்தியம்மா என்னைப் பார்த்து, நான் ஏன் உண்பதில்லை என்று கேட்டார். குற்றம் கேட்பதுபோலன்று, தெரிந்துகொள்ளக் கேட்டார். சாத்திரத்தைச் சொல்லலாம் என்று வாயெடுத்தேன். ஆனால் செவலையைத்தான் சொன்னேன். கொட்டகை காலியான கதையையும் சேர்த்தே சொன்னேன். தங்கை மொழிபெயர்த்துக்கொண்டே வந்தவள் ஓரிடத்தில் நிறுத்தித் தண்ணீர் குடித்தாள்.

சம்பந்தியம்மா முள்கரண்டியைத் தட்டில் வைத்தார். அவர்கள் வீட்டிலும் இரண்டு பசுக்கள் இருந்தனவாம். டிராக்டர் இல்லாத சிறு விவசாயிகள் கறவை மாட்டையே வண்டியிலும் ஏரிலும் பூட்டிய காலம். 1945 ஜனவரியில் நகரம் எரிந்து வானம் சிவந்த இரவில், நான்கைந்து வயதுக் குழந்தையாகிய அவர் கொட்டகையில் ஒரு பசுவின் வயிற்றோடு ஒட்டிப் படுத்திருந்ததை மறக்கவில்லை என்றார். போருக்குப் பிந்திய பஞ்சத்தில் அந்தப் பசுவின் பால்தான் வீட்டைக் காத்தது. பின்னாளில் டிராக்டர் வந்ததும் தகப்பனார் அதை விற்றுவிட்டார். அந்த ஞாயிறன்று வீட்டில் இறைச்சி வந்தபோது அவர் சாப்பிட மறுத்து அடி வாங்கினாராம்.

“நாங்கள் மாட்டைத் தின்கிறவர்கள்தான். ஆனால் பெயர் வைத்த மாட்டை நான் தின்றதில்லை” என்றார்.

பிறகு சட்டியில் மிச்சமிருந்த ஒரே உருண்டையை எடுத்தார். மகனுக்கு வைக்கவில்லை, பேத்திக்கு வைக்கவில்லை. தங்கையின் தட்டில் வைத்துக் குழம்பை ஊற்றினார்.

அம்மாவுக்குச் சொன்ன பதில்

ஜனவரியில் பள்ளி திறப்பதற்குமுன் ஊர் திரும்பினேன். அம்மா கோப்பி கலக்கிக் கொடுத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தார். கேட்கவில்லை, காத்திருந்தார்.

“சாப்பிடுறாம்மா” என்றேன். மறைக்க நினைத்திருந்தால் அந்த நேரத்தில் மறைத்திருக்கலாம். “ஆனா கடைசி உருண்டையை அவ மாமியார் அவ தட்டுலதான் வைக்கிறாங்க” என்றும் சொன்னேன். பிறகு பானையை நான் புரட்டியதையும், தங்கை செவலையைப் பற்றிக் கேட்டதையும், அந்தப் பெரியம்மாவின் பசுவையும் ஒன்றுவிடாமல் சொன்னேன்.

அம்மா நெடுநேரம் பேசவில்லை. “உங்கப்பா அன்னைக்கு ராத்திரி சாப்பிடல. உங்களுக்குத் தெரியாது” என்று மட்டும் சொன்னார். அந்தச் செய்தி அன்றுதான் எனக்குத் தெரியும்.

பொங்கல் கழிந்த வாரத்தில் ஒரு மாலை நான் பள்ளியிலிருந்து வந்தபோது வீடெங்கும் வறுத்த மல்லி வாசம். அம்மா பட்டை, கிராம்பு, சோம்பு, மிளகு எல்லாம் வறுத்து அரைத்து, பழைய பிஸ்கட் டின்னில் அழுத்தி மூடி, ஒட்டுநாடா சுற்றிக்கொண்டிருந்தார். “கடையில வாங்குற தூள்ல என்ன இருக்கும்? அவளுக்கு அனுப்பு. எதுல வேணாலும் போட்டுக்கட்டும்” என்றார். பிப்ரவரியில் டின் போய்ச் சேர்ந்தது. மார்ச் மாதம் நோய்த்தொற்றினால் நாட்டின் எல்லைகள் மூடப்பட்டன. ஊருக்கு வரமுடியாத அந்த இரண்டு ஆண்டுகளில் தாயும் மகளும் தொலைபேசியில் பேசிய பேச்சுக்குக் கணக்கே இல்லை. 2022இல் எல்லை திறந்து தங்கை வந்தபோது, அம்மா பரிமாறிவிட்டுத் தம் தட்டையும் எடுத்துக்கொண்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தார்.

இந்தப் பத்திரிகையைப் படிப்பவர்களில் மாட்டிறைச்சி உண்பவர்களும் உண்டு, உண்ணாதவர்களும் உண்டு. உண்பவர்கள் தங்கையின் பக்குவத்தைச் செய்து பார்க்கலாம். லெப்கூகன் கிடைக்காவிட்டால் இஞ்சி பிஸ்கட்டைப் பொடித்துப் போடலாம். எங்கள் வீட்டில் சந்தையில் வாங்கும் செம்பனைக் காளானில் அதே குழம்பை வைக்கிறோம். காளானை ஊறவைக்க வேண்டியதில்லை. குழம்பு கெட்டியான பிறகு போட்டால் போதும். உருண்டை மட்டும் ஒன்று கூடுதலாகவே செய்கிறோம். அதை யார் தட்டில் வைப்பது என்பதில் அம்மாவுக்கு இப்போதெல்லாம் சந்தேகமே வருவதில்லை. தங்கை ஊரில் இருந்தால் அவளுக்கு, இல்லாவிட்டால் எனக்கு.